கால் முறிந்தவனுக்கு ஆறு மாதக் கெடு: காப்பீட்டு மூலதனம் கேட்டதும் ஒன்றிய அரசு கொடுத்ததும்

மோட்டார் வாகனச் சட்டத்தின் 166 ஆம் பிரிவில் மூன்றாவது உட்பிரிவு என்று ஒன்று இருக்கிறது. விபத்து நிகழ்ந்த நாளிலிருந்து ஆறு மாதத்திற்குள் தாக்கல் செய்யப்படாத இழப்பீட்டு மனு எதுவும் ஏற்கப்படமாட்டாது என்பதே அதன் சாரம். 2019 ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டத்தால் புகுத்தப்பட்டு, 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. தோழர்கள் பலர் அந்தத் திருத்தச் சட்டத்தைத் தலைக்கவசத்தோடும் அபராதத் தொகையோடும் சேர்த்தே நினைவில் வைத்திருப்பர். அன்றைக்கு நாடெங்கும் நடந்த வாதப் பிரதிவாதமெல்லாம் அபராதத்தைப் பற்றியே இருந்தது. அந்தக் கூச்சலின் மறைவில், விபத்தில் உடல் சிதைந்த உழைப்பாளியின் வழக்குரிமைக்கு ஓர் அந்திம நாள் குறிக்கப்பட்டதை நம்மில் போதுமான பேர் கவனிக்கவில்லை.

ஒன்றியச் சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் கணக்குப்படி 2022 ஆம் ஆண்டில் 4,61,312 சாலை விபத்துகள் நிகழ்ந்தன. 1,68,491 பேர் மாண்டனர். 4,43,366 பேர் காயமுற்றனர். மாண்டோரின் எண்ணிக்கை தலைப்புச் செய்தியாகிறது. காயமுற்றோரின் எண்ணிக்கை அடுத்த வரியில் வந்து மறைந்துவிடுகிறது. அந்த நாலரை லட்சம் பேரில் எத்தனை பேர் மீண்டும் சுமை தூக்கினர், எத்தனை பேர் மீண்டும் தறியில் அமர்ந்தனர் என்பதற்கு அந்த ஆண்டறிக்கையில் இடமில்லை. இவர்கள் எந்த வர்க்கத்தினர் என்பதை ஊகிப்பது கடினமன்று. அதே ஆண்டில் இறந்தோரில் 32,825 பேர் பாதசாரிகள். இரு சக்கர வாகனத்தில் சென்றோர் ஏறத்தாழ 45 விழுக்காடு.

காலக்கெடுவின் வரலாற்றைச் சற்றே திரும்பிப் பார்ப்பது நல்லது. 1939 ஆம் ஆண்டுப் பழைய சட்டத்திலும் காலவரம்பு இருந்தது. ஆனால் தகுந்த காரணம் காட்டினால் தாமதத்தைப் பொறுத்துக்கொள்ளும் அதிகாரம் தீர்ப்பாயத்துக்கு இருந்தது. 1988 ஆம் ஆண்டுச் சட்டம் ஆறு மாதம் என்று வைத்து, காரணம் காட்டினால் பன்னிரண்டு மாதம் வரை நீட்டிக்கலாம் என்றது. அதனால் பல்லாயிரம் ஏழைகள் வாசலிலேயே திருப்பியனுப்பப்பட்டதைக் கண்டபின், 1994 ஆம் ஆண்டுத் திருத்தத்தில் காலவரம்பே அடியோடு நீக்கப்பட்டது. அதை நீக்கியது நவதாராளவாதக் கொள்கைகளுக்குப் பந்தல் போட்ட நரசிம்மராவ் அரசு என்பதையும் சொல்லிவைக்க வேண்டும். அவர்களுக்கே கூடாது என்று பட்டதை, ஏறத்தாழ 27 ஆண்டுகளுக்குப் பிறகு மோடி அரசு திரும்பக் கொண்டுவந்தது. 1939 இன் சலுகையும் இல்லை, 1988 இன் சலுகையும் இல்லை. தாமதத்தைப் பொறுத்தருளும் ஒரு சொல் கூட இல்லாமல் கொண்டுவந்தது.

இந்தக் கொடையின் பின்னணி தெரிய வேண்டுமானால், 2016 இல் அறிமுகப்படுத்தப்பட்ட மசோதாவை நினைவுகூர வேண்டும். இறப்புக்குப் பத்து லட்சம், கடுங்காயத்துக்கு ஐந்து லட்சம், அதற்கு மேல் மூன்றாம் தரப்புக் காப்பீட்டில் நிறுவனத்துக்குப் பொறுப்பில்லை என்று அம்மசோதா சொன்னது. இந்திய மோட்டார் காப்பீட்டில் மூன்றாம் தரப்பினரின் உயிருக்கும் உடலுக்கும் நேரும் சேதத்துக்குக் காப்பீட்டாளரின் பொறுப்பு வரம்பற்றது. அதற்கு மூடி போடுவது காப்பீட்டு மூலதனத்தின் நெடுநாளைய ஆசை. எதிர்ப்பு கிளம்பவே அந்த உச்சவரம்பு மசோதாவிலிருந்து கைவிடப்பட்டது. தொகைக்கு மூடி போட முடியாமற்போனது, காலத்துக்குப் போட்டுவிட்டனர்.

ஆறு மாதம் யாருக்குப் போதும்?

இக்கட்டுரை கொல்கத்தாவிலிருந்து எழுதப்படுகிறது. சட்டம் நாடு முழுமைக்கும் ஒன்றே. ஆயினும் கண்முன் உள்ள நகரத்தை வைத்துப் பேசுவது எளிது. பர்ராபஜாரில் சுமை தூக்கும் பீகார்த் தொழிலாளி ஒருவரை எண்ணிப் பாருங்கள். ஸ்ட்ராண்ட் சாலையில் லாரி மோதித் தொடையெலும்பு நொறுங்குகிறது. முதல் அறுவைச் சிகிச்சை, தகடு, சீழ், இரண்டாம் அறுவை, பிறகு தோல் ஒட்டு. இவ்வளவும் முடிய எட்டு மாதமோ பத்து மாதமோ ஆகும் என்பதை எந்த அரசு மருத்துவமனை எலும்புமுறிவுப் பிரிவிலும் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம். அதுவரை அவருக்கு ஊனச் சான்றிதழ் கிடைக்காது. சிகிச்சை முடிந்து உடல்நிலை ஒரு நிலைக்கு வந்தபிறகே நிரந்தர ஊனம் எவ்வளவு என மருத்துவக் குழு மதிப்பிடும். நகரத்தில் தங்க இடமில்லாமல் இடையில் அவர் சொந்த ஊருக்குக் கொண்டுபோகப்பட்டிருப்பார். முதல் தகவல் அறிக்கையின் நகலை யார் வாங்குவது? வண்டியின் காப்பீட்டு எண்ணை யார் தேடுவது?

இந்நகரில் இன்னொன்றும் உண்டு. உயிரிழப்பு என்றால் லால்பஜார் காவல் தலைமையகத்தின் ஃபேட்டல் ஸ்குவாட் எனும் தனிப்பிரிவு விசாரணையை மேற்கொள்ளும். கால் போனால் வழக்கு பெரும்பாலும் அந்தந்தத் தாணாவின் கோப்பில் கிடக்கும். செத்தால்தான் சிறப்பு விசாரணை.

காலக்கெடுவுக்கு வக்காலத்து வாங்குவோரின் வாதம் ஒன்றைத் தட்டிக்கழிக்க முடியாது. புதிய சட்டத்தின்படி காவல்துறை மூன்று மாதத்திற்குள் விபத்து அறிக்கையைத் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும். அந்த அறிக்கையையே இழப்பீட்டு மனுவாகத் தீர்ப்பாயம் ஏற்க வேண்டும். ஆகவே காயமுற்றவர் தனியே மனுச் செய்யாவிட்டாலும் குடிமுழுகிவிடாது என்கின்றனர். ஏட்டில் இது நல்ல ஏற்பாடு. 2022 டிசம்பரில் உச்சநீதிமன்றம் இதை நடைமுறைப்படுத்த விரிவான வழிகாட்டுதல்களும் தந்தது. ஆனால் அறிக்கை அனுப்பத் தவறுவது காவலர். உரிமையை இழப்பது கட்டிலில் கிடப்பவர். கடமை தவறியவர் ஒருவர், தண்டனை பெறுபவர் இன்னொருவர் என்றால் அந்த ஏற்பாட்டை எப்படி நியாயம் என்பது? இவர்கள் சொல்வது போல எல்லா அறிக்கையும் தானாக மனுவாகிவிடுமானால் ஆறு மாதக் கெடுவுக்கே வேலையில்லை. அதை எடுத்துவிடுவதில் இவர்களுக்கு என்ன நட்டம்?

இரண்டாவது வாதம் போலி வழக்குகள். போலி வழக்குகள் இல்லை என்று நாம் சொல்ல வேண்டியதில்லை. உத்தரப் பிரதேசத்தில் சிறப்புப் புலனாய்வுக் குழு அமைக்குமளவுக்கு அவை இருந்தன. தமிழ்நாட்டிலும் வழக்கறிஞர், காவலர், மருத்துவர் சேர்ந்த கூட்டணிகள் அம்பலப்பட்டுள்ளன. ஆனால் அந்தக் கூட்டணிகள் ஆறு மாதத்திற்குள் மனுப்போடும் திறமை உள்ளவை. கெடு தாண்டிப்போவது உண்மையாகவே எலும்பு முறிந்தவரின் மனுதான்.

காலக்கெடுவோடு சேர்த்துப் படிக்க வேண்டிய இன்னொரு பிரிவு 149. தகவல் கிடைத்த காப்பீட்டு நிறுவனம் ஓர் அதிகாரியை நியமித்து, முப்பது நாளில் சமரசத் தொகையை முன்மொழிய வேண்டும். காயமுற்றவர் ஒப்புக்கொண்டால் வழக்கு அத்துடன் முடிந்தது. விரைவான நிவாரணம் என்று இதைப் பாராட்டுவோர் உளர். முப்பதாம் நாளில் அந்தத் தொழிலாளியின் கால் நிற்குமா போகுமா என்பது மருத்துவருக்கே தெரியாது. கையில் காசில்லாத, கடன்காரர் வாசலில் நிற்கிற அந்த வேளையில் நீட்டப்படும் ஒரு காசோலைக்கு ஒப்பமிடுவதைச் சுதந்திரமான ஒப்பந்தம் என்று அழைக்க முதலாளித்துவச் சட்டவியலால் மட்டுமே முடியும். 2025 மே மாதம் அறிவிக்கப்பட்ட கட்டணமில்லாச் சிகிச்சைத் திட்டம், கோவை எலும்பியல் மருத்துவர் எஸ்.ராஜசேகரன் 2012 முதல் நடத்திவரும் பொதுநல வழக்கில் உச்சநீதிமன்றம் குட்டிய பிறகே வந்தது. அதுவும் ஏழு நாள் வரை, ஒன்றரை லட்சம் ரூபாய் வரை. எட்டாம் நாளுக்கு அத்திட்டத்தில் பதில் இல்லை.

உடலுக்கு எப்படி விலை போடுகிறார்கள்?

இழப்பீட்டுக் கணக்கை நம் தோழர்கள் அறிந்திருப்பது அவசியம். வழக்கறிஞர்களிடம் விட்டுவிட்டால் போதும் என்று இருக்கக் கூடாது. மாத வருமானம், அதன்மேல் எதிர்கால வளர்ச்சிக்கான விழுக்காடு, வயதுக்கேற்ற பெருக்கெண், பிறகு ஊனத்தின் விழுக்காடு. இறந்தவரின் வழக்கில் அவருடைய சொந்தச் செலவுக்கென ஒரு பங்கு கழிக்கப்படும். காயமுற்றவர் உயிரோடு இருந்து உண்ண வேண்டியிருப்பதால் அந்தக் கழிவு இல்லை; அதன்மேல் வருங்கால மருத்துவச் செலவும் உதவியாளர் செலவும் உண்டு. முழுமையாக முடங்கிய ஒருவர், மாண்டுபோன ஒருவரைவிடக் காப்பீட்டு நிறுவனத்துக்குக் கூடுதல் செலவு வைக்கிறார். காயவழக்குகளில் அவர்கள் காட்டும் பிடிவாதத்துக்கு இந்தக் கணக்கே காரணம்.

மேலே சொன்ன சுமைப்பணித் தொழிலாளிக்கு வயது 32 என்றும், மாதம் 15,000 ரூபாய் சம்பாதித்தார் என்றும், ஒரு காலை வெட்டி எடுக்க நேர்ந்தது என்றும் கொள்வோம். சம்பளச் சீட்டு கிடையாது. நிறுவனத்தின் வழக்கறிஞர் சான்று எங்கே என்கிறார். தீர்ப்பாயம் 8,000 ரூபாய் என்று வைக்கிறது. மருத்துவக் குழு ஊனம் 50 விழுக்காடு என்கிறது. நாற்பது விழுக்காடு எதிர்கால வளர்ச்சி சேர்த்தால் 11,200, ஆண்டுக்கு 1,34,400, பெருக்கெண் 16, அதில் பாதி. வருவது 10,75,200 ரூபாய். இப்போது அவர் உண்மையில் ஈட்டிய 15,000 ரூபாயை எடுத்துக்கொண்டு, ஒற்றைக் காலுடன் எவராலும் மூட்டை தூக்க முடியாது என்ற எளிய உண்மையை ஒப்புக்கொண்டால்? 40,32,000 ரூபாய். இரண்டுக்கும் இடையே உள்ள ஏறத்தாழ முப்பது லட்சம், சம்பளச் சீட்டு இல்லாமையும் மருத்துவர் எழுதிய ஓர் எண்ணும் சேர்ந்து பறித்துக்கொண்டது.

உச்சநீதிமன்றம் இதில் பலமுறை சரியாகவே பேசியிருக்கிறது. 1975 இல், இடது கையை இழந்த தச்சர் ஒருவரின் வழக்கில் அவரது தொழிலுக்கு அது முழு இழப்பே என்று தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டத்தின்கீழ்த் தீர்ப்பளித்தது. 2010 ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றில் அதே கோட்பாட்டை மோட்டார் விபத்துக்கு விளக்கியது: ஒரு கையை இழந்த ஓட்டுநரின் அல்லது தச்சரின் வருவாய் இழப்பு கிட்டத்தட்ட முழுமையானது, அரசு அலுவலக எழுத்தருக்கு அவ்வாறாக வேண்டியதில்லை. உடலுறுப்பின் விழுக்காட்டை அப்படியே வருவாய் இழப்பாகக் கொள்ளக் கூடாது என்றது. 2014 இல் காலை இழந்த காய்கறி வியாபாரி ஒருவரின் வழக்கில், அத்தகையவரிடம் வருமான ஆவணம் கேட்பது முறையன்று எனக் கூறி, மாதம் 6,500 ரூபாய் என்றும் செயல்திறன் இழப்பு 85 விழுக்காடு என்றும் நிர்ணயித்தது. 2020 இல், முழுமையாக முடங்கிப்போன 12 வயதுச் சிறுமிக்கு இரண்டு உதவியாளர்களின் கூலியாக மட்டும் 21,60,000 ரூபாய் வழங்கியது. வீட்டுப் பெண்கள் பார்த்துக்கொள்வார்கள் என்று அதுவரை கணக்கில் வராமல் கிடந்த உழைப்புக்கு அங்கே விலை எழுதப்பட்டது.

தீர்ப்புகள் இவ்வளவு தெளிவாக இருந்தும் ஒவ்வொரு வழக்கிலும் அதே வாதம் புதிதாகத் தொடங்குகிறது. ஒரு கூலித்தொழிலாளி மேல்முறையீட்டுக்கு மேல்முறையீடு ஏறிச்செல்ல வேண்டும். ஏறியவர்களின் பெயரில்தான் தீர்ப்புகள் இருக்கின்றன. ஏறாதவர்கள் கிடைத்ததை வாங்கிக்கொண்டு போய்விட்டனர்.

"மூன்றாம் தரப்பு"

மொழிபெயர்ப்பாளனுக்கு உறுத்துகிற சொற்கள் சில இத்துறையில் உண்டு. காப்பீட்டாளர் முதல் தரப்பு, வண்டி உரிமையாளர் இரண்டாம் தரப்பு, அந்த வண்டியின்கீழ் நசுங்கியவர் மூன்றாம் தரப்பு. ஒப்பந்தத்தின் கண்ணில் அவர் வெளியாள். இதைவிடக் கொடிய சொல் ஒன்று உண்டு: இலவசப் பயணி. சரக்கு வண்டியில் ஏற்றிச் செல்லப்படும் ஆட்களைச் சட்டம் அழைக்கும் பெயர் அது. தமிழ்நாட்டில் குட்டியானை என்றும் வங்கத்தில் சோட்டா ஹாத்தி என்றும் மக்கள் ஒரே உவமையில் பெயரிட்ட அந்தச் சிறு சரக்கு வண்டியில் நாற்று நடவுக்குப் பெண்கள் நின்றபடி போவதை நாம் அன்றாடம் பார்க்கிறோம். யார் வேலைக்குப் போகிறார்கள்? யார் வண்டி அனுப்பினார்? இதில் இலவசம் எங்கே இருக்கிறது? சரக்கின் உரிமையாளரோ அவருடைய பிரதிநிதியோ ஏறியிருந்தால் காப்பீட்டுப் பாதுகாப்பு உண்டு. மற்றபடி சரக்கு வண்டியில் சென்ற பயணிக்குக் காப்பீட்டு நிறுவனம் பொறுப்பல்ல என்று 2002 இல் உச்சநீதிமன்றம் முடிவு செய்தது. நெல் மூட்டையின் சொந்தக்காரருக்குப் பாதுகாப்பு. நெல்லை விளைவித்த பெண்ணுக்கு இல்லை. நாடாளுமன்றம் நினைத்தால் ஒரு வரித் திருத்தத்தில் இதைச் சரிசெய்யலாம். 2019 இல் நினைக்கவில்லை.

ஓட்டுநர் உரிமத்தைக் காட்டித் தப்பும் வழியும் இப்படித்தான். உரிமம் சரியில்லை என்றாலும் முதலில் காயமுற்றவருக்குப் பணத்தைக் கொடு, பிறகு உரிமையாளரிடம் வசூலித்துக்கொள் என்ற கோட்பாட்டை 2004 ஆம் ஆண்டுத் தீர்ப்பு வலுவாக நிறுவியது. அதன் பின்னும் இலகுரக வாகன உரிமம் வைத்திருப்பவர் 7,500 கிலோவுக்கு உட்பட்ட சரக்கு வண்டியை ஓட்டலாமா என்ற கேள்வியைக் காப்பீட்டு நிறுவனங்கள் விடவில்லை. 2017 இல் ஓட்டலாம் என்று தீர்ப்பானது. அதை மறுஆய்வுக்கு உட்படுத்த வைத்து, 2024 நவம்பர் 6 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு மீண்டும் ஓட்டலாம் என்று சொல்லும்வரை ஏழாண்டுகள் இழுத்தனர். அந்த ஏழாண்டுகளில் இக்காரணத்தால் நிலுவையில் கிடந்த வழக்குகளின் மனுதாரர்கள் எதை உண்டு வாழ்ந்தனர் என்பது எந்தத் தீர்ப்பிலும் பதிவாவதில்லை.

நம் பொதுத்துறையிடமும் கேட்க வேண்டிய கேள்வி

இந்தியாவின் முதல் பொதுக் காப்பீட்டு நிறுவனமான டிரைட்டன் 1850 இல் கல்கத்தாவில்தான் தொடங்கப்பட்டது. 1906 இல் நேஷனல் இன்சூரன்ஸ் இங்கே பிறந்தது. 1972 ஆம் ஆண்டு நாட்டுடைமைச் சட்டத்தால் 107 நிறுவனங்கள் நான்காக இணைக்கப்பட்டபோது கொல்கத்தாவுக்கு நேஷனலும் சென்னைக்கு யுனைடெட் இந்தியாவும் தலைமையகங்களாயின. அந்த நாட்டுடைமையின் பின்னால் இன்சூரன்ஸ் ஊழியர் இயக்கத்தின் நெடிய போராட்டம் இருந்தது. இன்று அதைக் கலைக்கும் வேலை விரைவாக நடக்கிறது. 2021 ஆகஸ்டில், அரசின் பங்கு 51 விழுக்காட்டுக்குக் கீழே போகலாம் எனச் சட்டம் திருத்தப்பட்டது. அன்னிய முதலீட்டு வரம்பு 26 இல் தொடங்கி, 2015 இல் 49, 2021 இல் 74 என ஏறி, 2025 பிப்ரவரி நிதிநிலை அறிக்கையில் நூறு விழுக்காடு என அறிவிக்கப்பட்டது. இந்த விற்பனையை எதிர்ப்பதில் நமக்கு இரண்டாம் கருத்து இல்லை.

ஆனால் ஒரு வழக்கைச் சொல்ல வேண்டும். ஹூக்ளி மாவட்டத்தில் நடந்த விபத்தில் மகனைப் பறிகொடுத்த ஒரு தாய் கொல்கத்தா தீர்ப்பாயத்தில் மனுச் செய்து இழப்பீடும் பெற்றார். காப்பீட்டாளர் நேஷனல் இன்சூரன்ஸ். இந்நகரத்தில் பிறந்து, இந்நகரத்தில் தலைமையகம் கொண்ட அந்த அரசு நிறுவனம் எழுப்பிய வாதம் என்ன தெரியுமா? விபத்து நடந்ததும் தாய் வசிப்பதும் ஹூக்ளியில். எனவே கொல்கத்தா தீர்ப்பாயத்துக்கு அதிகார எல்லை இல்லை என்பது. கல்கத்தா உயர்நீதிமன்றம் அதை ஏற்று இழப்பீட்டையே ரத்து செய்தது. 2016 ஜனவரியில் உச்சநீதிமன்றம் அத்தீர்ப்பைத் தள்ளி, காப்பீட்டு நிறுவனத்துக்கு அலுவலகம் உள்ள ஊரில் வழக்குத் தொடுப்பதால் அதற்கு எந்தப் பாதகமும் இல்லை என்று கூறித் தாயின் இழப்பீட்டை மீட்டுக்கொடுத்தது. தன் வீட்டு வாசலில் வழக்குப் போட்டதற்காக ஒரு பொதுத்துறை நிறுவனம் பிள்ளையை இழந்தவளை தில்லி வரை நடக்கவைத்தது.

பொதுத்துறையைக் காப்போம் என்று வாயிற்கூட்டத்தில் முழங்கும் நாம் இதையும் அதே வாயிலில் பேசியாக வேண்டும். நிறுவனத்தின் நட்டத்துக்குக் காரணம் இழப்பீட்டுத் தொகை என்று நிர்வாகம் சொல்லும். தனியார் நிறுவனங்கள் இலாபம் தரும் புதுக் கார்களைப் பொறுக்கிக்கொண்டு பழைய லாரிகளைத் தட்டிக்கழித்ததும், அதைச் சமாளிக்க 2007 முதல் 2012 வரை வணிக வாகனங்களுக்கெனப் பொதுத் தொகுப்பொன்றே நடத்த நேர்ந்ததும் ஊழியர் சங்கத் தோழர்களுக்குத் தெரியாததல்ல. சாலையில் ஓடும் வண்டிகளில் பாதிக்கு மேற்பட்டவை காப்பீடே இல்லாதவை. நட்டத்தின் ஊற்றுக்கண் இங்கெல்லாம் இருக்கும்போது, ஊன்றுகோலுடன் வருபவரிடம் சிக்கனம் பிடிப்பது பொதுத்துறைக்கு அழகல்ல. அரசு நிறுவனமும் தனியார் நிறுவனமும் நீதிமன்றத்தில் ஒரே வாதத்தைத்தான் வைக்கின்றன என்றால், நாட்டுடைமை தேவை என்று எந்த முகத்தோடு மக்களிடம் கேட்பது?

விபத்தின் வேரைப் பற்றியும் ஒரு சொல். கொல்கத்தாவின் தனியார் பேருந்துகளில் ஓட்டுநருக்கும் நடத்துநருக்கும் மாதச் சம்பளம் இல்லை. விற்ற சீட்டில் தரகு. முந்திச் சென்று பயணியை ஏற்றினால்தான் அன்றைய சோறு. வங்கத்தில் இதற்கு ரேஷாரேஷி என்று பெயரே உண்டு. 2024 நவம்பரில் சால்ட் லேக்கில் இத்தகைய போட்டியோட்டத்தில் ஒரு பள்ளிச் சிறுவன் மாண்டபின் மாநில அரசு கூட்டம் போட்டது. 2016 முதல் "பாதுகாப்பாக ஓட்டு, உயிரைக் காப்பாற்று" என்று திரிணமூல் அரசு ஒட்டிய சுவரொட்டிகளில் தரகுமுறையைப் பற்றி ஒரு வரி கிடையாது. இடது முன்னணி ஆட்சியின் 34 ஆண்டுகளிலும் இம்முறை நீடித்தது என்பதை மறைப்பதற்கில்லை. அன்றே ஒழித்திருக்க வேண்டும். ஒன்றிய அரசோ ஓட்டுநருக்குச் சிறையைக் காட்டுகிறது. புதிய நியாய சன்ஹிதாவின் 106(2) ஆம் பிரிவில் பத்தாண்டுச் சிறை என்றதும் 2024 ஜனவரியில் லாரிகள் நின்றன, அப்பிரிவு நிறுத்திவைக்கப்பட்டது. ஓட்டுநர் சிறைக்குப் போவதால் காயமுற்றவருக்கு ஒரு காசு கிடைக்காது.

தமிழ்நாட்டுத் தோழர்களுக்கு இது வேறு வடிவில் பழக்கமானது. அங்கே அரசுப் போக்குவரத்துக் கழகங்கள் காப்பீட்டுக்குப் பதிலாகத் தம் சொந்த நிதியிலிருந்து இழப்பீடு தர வேண்டியவை. கழகங்களைப் பட்டினி போட்டுவிட்டதால் அந்த நிதி இல்லை. தீர்ப்பு வந்து ஆண்டுகள் கழித்து "அரசுப் பேருந்து ஜப்தி" என்ற செய்தியோடுதான் பணம் வருகிறது. பேருந்தை நிலையத்தில் மறித்து நீதிமன்ற அமீனா நோட்டீஸ் ஒட்டும் காட்சியைப் பார்த்து நகைப்போர் உண்டு. நகைக்க என்ன இருக்கிறது? 1980 இல், மின்கம்பி உரசிப் பயணிகள் மாண்ட ஒரு தமிழ்நாட்டுப் பேருந்து வழக்கில், நீதிபதி கிருஷ்ணய்யர், ஏதோ ஓர் ஐயத்தைக் காட்டி உரிமையாளர்கள் பொறுப்பிலிருந்து நழுவத் தீர்ப்பாயங்கள் இடம்தரலாகாது என்று எழுதினார். 1957 இன் கேரளக் கம்யூனிஸ்ட் அமைச்சரவையில் இருந்தவர் அவர். தவறு யாருடையது என்று பாராமல் இழப்பீடு தரும் முறையும், போதுமான தீர்ப்பாயங்களும் வேண்டும் என்று அப்போதே வற்புறுத்தினார்.

காலக்கெடுவை எதிர்த்த மனுக்கள் உச்சநீதிமன்றத்தின் முன் உள்ளன. அவற்றில் 2025 நவம்பரில் ஓர் இடைக்கால ஆணை பிறந்தது: வழக்கு முடியும்வரை, ஆறு மாதம் கடந்துவிட்டது என்ற காரணத்தால் எந்த மனுவையும் தள்ளுபடி செய்யக் கூடாது. இது இடைக்கால ஆணை மட்டுமே. 166(3) ஐ அடியோடு நீக்கும் திருத்தத்தை நாடாளுமன்றத்தில் நம் உறுப்பினர்கள் தனிநபர் மசோதாவாகவேனும் கொண்டுவர வேண்டும். சரக்கு வண்டியில் செல்லும் தொழிலாளிக்கான காப்பீட்டையும் அதே மசோதாவில் சேர்க்க வேண்டும்.

அதற்கிடையே செய்யக்கூடியவை உண்டு. சுமைப்பணி, கட்டுமானம், ஆட்டோ, விவசாயத் தொழிலாளர் சங்கக் கிளைகள் ஒவ்வொன்றிலும் ஒரு தோழர் இச்சட்டத்தைப் படித்திருக்க வேண்டும். விபத்து நடந்த வாரத்திலேயே காவல் நிலையத்துக்குச் சென்று விபத்து அறிக்கை தீர்ப்பாயத்துக்கு அனுப்பப்படுகிறதா என்று கேட்க வேண்டும். சங்க அட்டை, கூலிப் பதிவேடு, மேஸ்திரியின் சாட்சியம் ஆகியவற்றை வருமானச் சான்றாகத் திரட்டித் தர வேண்டும். முப்பதாம் நாள் வரும் சமரசத் தாளில் தனியே ஒப்பமிட விடக்கூடாது. மோதிய வண்டி தப்பியோடிவிட்டாலும் வழியுண்டு: கடுங்காயத்துக்கு 50,000, இறப்புக்கு இரண்டு லட்சம். 2022 இல் நாட்டில் இத்தகைய விபத்துகள் 67,387. 2022-23 நிதியாண்டில் இதற்கென வந்த விண்ணப்பங்களோ 205 மட்டுமே என்பது உச்சநீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்ட கணக்கு. விண்ணப்பத்தை வாங்க வேண்டியவர் கோட்டாட்சியரோ வட்டாட்சியரோ. அவர்களுடைய அலுவலகம் நம் கிளைகளுக்குத் தெரியாத இடமன்று.